யாருக்கும் வைக்காத பேர்

இல்லம்மா, சீட்டுல தப்பு எதுவும் இல்ல. தகப்பன் பேரும் யஹ்யாதான், பிள்ளைக்கும் யஹ்யான்னே போடணுமாம். என் மருமக கையெழுத்து அது. அவ எழுதிக் குடுத்தத அப்படியே கொண்டாந்து உங்ககிட்ட நீட்டிட்டேன். ஆனா பாரத்துல பிள்ளை பேர் கட்டத்தக் காலியா விட்டது நான்தான். வேணும்னேதான் விட்டேன்.

காலியா இருந்தா வாங்க மாட்டீங்க, தெரியும். பொறந்தப்ப ஆண் குழந்தைன்னு மட்டும் பதிஞ்சாங்க, பேர் சேக்குற இந்த முகாமுக்கு இன்னைக்குக் கடைசி நாள், ஒரு மணிக்கு சன்னல் சாத்திருவீங்க. வெளியில பலகையில போட்டிருக்கு, மூணு தடவ படிச்சேன். முப்பத்தோரு வருஷம் மெஷின் ஓட்டினவன்மா நான். எது எழுதித் தொங்கினாலும் படிக்காமப் போக மாட்டேன்.

எனக்குப் பின்னாடி ஆள் இல்ல பாருங்க. ஒரு பத்து நிமிஷம் குடுங்க. நான் கேக்க வந்தது ஒண்ணே ஒண்ணு. இந்தக் கட்டத்துல வேற பேர் எழுதினா செல்லுமா? கீழ பெத்தவ கையெழுத்து இருக்கு. மேல தாத்தா தன் இஷ்டத்துக்கு ஒரு பேர் எழுதிட்டான்னு பின்னாடி பிரச்சன வருமா?

கொஞ்சம் மெதுவாம்மா. அவ வெளியிலதான் இருக்கா. அந்தத் தண்ணி டிரம் பக்கத்துல, பெஞ்சுல, பச்ச முக்காடு. பிள்ளைக்குப் பால் குடுத்துட்டு இருக்கா. நாப்பத்தாறு நாள் ஆச்சு பிள்ளைக்கு. தகப்பன் போய் அஞ்சு மாசம். கணக்கு உங்களுக்கே புரிஞ்சிருக்கும்.

வேற என்ன பேரா? சாதிக்னு நினைச்சேன். உண்மை பேசுறவன்னு அர்த்தம். வீட்டுல ஒருத்தனாவது அப்படி இருக்கட்டுமேன்னுதான். வர்ற வழியில டீக்கடையில உக்காந்து பேப்பர்ல எழுதிக்கூடப் பாத்தேன். எழுதிட்டு என்னால அதப் பாக்க முடியல. கிழிச்சுப் போட்டுட்டேன்.

யஹ்யாவுக்கு அர்த்தமா? அர்த்தத்துக்கு என்னம்மா குறைச்சல். அரபியில உயிரோட இருப்பான்னு அர்த்தம். அவ்வளவுதான். வீரன், சிங்கம், ராஜான்னு ஒரு பகட்டும் கிடையாது. இருப்பான். பெத்தவங்களுக்கு அதுக்கு மேல என்ன வேணும் சொல்லுங்க.

அவன் பொறந்தப்போ எங்க பள்ளிவாசல் இமாம்தான் வந்து காதுல பேர் சொன்னார். குச்சி மாதிரி இருப்பார் மனுஷன், குரல் மட்டும் ஊருக்கே கேக்கும். என்ன பேர்னு கேட்டார், சொன்னேன். நல்ல பேரா எடுத்திருக்க, இதோட கதை தெரியுமான்னார். தெரியாதுன்னேன். உக்காத்தி வச்சுச் சொன்னார்.

ஒரு வயசான நபி. தலை பூராவும் நரைச்சுப் போச்சு, எலும்பெல்லாம் தளந்துருச்சு, பிள்ளை இல்ல. பொண்டாட்டிக்கும் வயசாயிருச்சு. ராத்திரி யாருக்கும் கேக்காம ரகசியமா இறைவன்கிட்டக் கேக்குறார், எனக்கு ஒரு பிள்ளை குடுன்னு. குடுத்தாச்சுன்னு பதில் வருது. சும்மா வரல, பேரோட வருது. பேர் யஹ்யா, இதுக்கு முன்னாடி உலகத்துல யாருக்குமே இந்தப் பேர நாம வச்சதில்லன்னு. பேர் தேடி அலையுற வேலையே இல்ல அவருக்கு. மேல இருந்து புத்தம் புதுசா, யார் மேலயும் ஒட்டாத பேர்.

நபிக்கு நம்ப முடியல. எனக்கா, இந்த வயசுலயான்னு ஒரு அடையாளம் கேக்குறார். அடையாளம் என்ன தெரியுமா? மூணு நாளைக்கு உன்னால யார்கிட்டயும் பேச முடியாதுன்னு. உடம்புக்கு ஒண்ணும் இல்ல, நல்லாத்தான் இருக்கார், வாய் மட்டும் வரல. வெளியில வந்து ஜனங்ககிட்ட சைகையிலதான் சொன்னாராம். எனக்கு அன்னைக்கு அந்த இடத்துல சிரிப்பு வந்துச்சு. பிள்ளை பொறக்கப் போகுதுன்னு கையையும் காலையும் ஆட்டி எப்படிச் சொல்லியிருப்பார்னு.

இமாம் அதோட நிறுத்திக்கிட்டார். மீதிக் கதைய இப்ப, அஞ்சு மாசத்துக்கு முன்னாடிதான் தெரிஞ்சுக்கிட்டேன். அந்தப் பிள்ளை வளந்து பெரிய ஞானியாகி, உள்ளத உள்ளபடி பேசி, அதுக்காகவே கொன்னுட்டாங்கன்னு சொல்வாங்களாம். தகப்பன் அதப் பாத்தாரா இல்லையான்னு கேட்டேன். இமாமுக்குத் தெரியல. தெரியாதத தெரியாதுன்னு சொல்ற ஆளு அவர்.

இல்லம்மா, எனக்கு அந்தப் பேர் நபிகிட்ட இருந்து வரல. அதான் விஷயமே. எனக்கு அது பக்கத்து மெஷின்ல இருந்து வந்துச்சு.

மாட்டுத் தீவனம் பண்ற ஆலை எங்களோடது. சோளம், பிண்ணாக்கு, தவிடு, அது மேல வெல்லப் பாகு மாதிரி ஒரு கறுப்புப் பாகு, எல்லாத்தையும் ஒரு பெரிய டிரம்ல போட்டுக் கலக்குவோம். இந்த ரூம்ல பாதி இருக்கும் அந்த டிரம். உள்ள தண்டுல வரிசையா இரும்புப் பலகைங்க சுத்தும். அத ஓட்டுறவன் நான். நான் சேந்து மூணாவது வருஷம், சோளம் கொட்டி வைக்கிற தொட்டி மேல நின்னு கட்டி தட்டிட்டு இருக்கேன், நான் நிக்கிறது தெரியாம ஒருத்தன் கீழ திறந்து விட்டுட்டான். சோளம் இறங்குது, நானும் கூடவே இறங்குறேன். இடுப்பு, நெஞ்சு, கழுத்து. கத்த வாயத் திறந்தா வாய்க்குள்ள சோளம்.

ஒரு கை வந்து தலைமுடியப் புடிச்சுச்சு. அதான் பெரியவர், பக்கத்து மெஷின்காரர். அப்ப பெரியவர் இல்ல, என்னை விட மூணு வயசு மூப்பு, அவ்வளவுதான். ஆள் வந்து மூடுற வரைக்கும் ஒத்தக் கையால என்னைத் தொங்க விட்டுட்டு இருந்தார். அவருக்குத் தோள்பட்டை கழண்டு போச்சு. எனக்கு இந்த இடத்துல முடி போனது போனதுதான், பாருங்க, இன்னும் வழுக்கை. அவர் பேர் யஹ்யா.

எனக்கு அப்ப கல்யாணம் ஆகி ஏழு வருஷம், பிள்ளை இல்ல. ஒன்பதாவது வருஷம் பொறந்தான். யோசிக்கவே இல்ல நான். இருப்பான்னு அர்த்தமாம், என்னை இருக்க வச்சவர் பேராம், வேற என்ன வேணும்? பெரியவர் மட்டும் அன்னைக்கே சொன்னார், ஏம்ப்பா, நான் இன்னும் சாகலையே, அதுக்குள்ள என் பேர எடுத்துட்டியேன்னு. விளையாட்டாத்தான் சொன்னார். ஆள் எப்பவும் அப்படித்தான், எதையும் சீரியஸா எடுத்துக்க மாட்டார். அவருக்குக் கல்யாணமும் இல்ல, காட்சியும் இல்ல. என் பையனத் தோள்ல தூக்கி வளத்ததுல பாதி அவர்தான்.

வில்லை கதைய சொல்லாம இது புரியாது. கேளுங்க. அந்த டிரம்ல பாகு ஒட்டிக்கும்மா. சிமென்ட் மாதிரி இறுகிடும். தினம் ஒரு ஆள் மேல் வாய் வழியா உள்ள இறங்கி, குனிஞ்சுகிட்டே சுரண்டணும். வெளியில இருந்து பாத்தா உள்ள ஆள் இருக்கறது தெரியாது. கூப்பிட்டாலும் மத்த மெஷின் சத்தத்துல கேக்காது. அதனால ஒவ்வொருத்தருக்கும் ஒரு பித்தளை வில்லை, பேர் குத்தினது. இறங்கறதுக்கு முன்னாடி மெயின் சுவிட்ச் கைப்பிடியில இருக்கற கொக்கியில உன் வில்லைய மாட்டணும். ஏறி வந்ததும் நீயே எடுக்கணும். வில்லை தொங்கினா முதலாளியே வந்தாலும் சுவிட்சத் தொடக் கூடாது. யார் வில்லையோ அவங்க மட்டும்தான் எடுக்கலாம். அந்த விதிய எழுதி ஒட்டினது யாரு? நான். நம்பர் போட்டு, ஸ்கேல் வச்சுக் கோடு கிழிச்சு, நானே எழுதினேன்.

பெரியவருக்கு அந்த விதியெல்லாம் பாதிதான் ஏறும். மாட்டுவார், அதுல குறை சொல்ல முடியாது. எடுக்கத்தான் மறந்துடுவார். ஏறி வந்து கை கழுவி, டீ வாங்கி, ஜன்னலுக்கு வெளியில மரத்தடியில கால நீட்டி உக்காந்திருப்பார், வில்லை இங்க ஆடிட்டு இருக்கும். நான் அதக் கழட்டி என் சட்டைப் பையில போட்டுட்டு மெஷின ஓட்டி விட்டுட்டு, நேரா போய் அவர் டீ கிளாஸ்ல போடுற மாதிரி காட்டுவேன். ஒரு நாள் நிஜமாவே போட்டுட்டேன். வாரத்துல ரெண்டு மூணு தடவ நடக்கும் இந்தக் கூத்து. விதி எழுதினவனே விதிய மீறுறியேன்னு அவர் கேப்பார். கண்ணு முன்னாடி ஆள் உக்காந்திருக்கும்போது என்ன விதின்னு நான் கேப்பேன்.

என் பையன் படிச்சான், சரியா வரல, ரெண்டு வருஷம் முன்னாடி ஆலையிலயே சேத்து விட்டேன். ஸ்டோர்காரர் அவனுக்கு வில்லை குத்த எடுத்தார். எடுத்துட்டு என்னைக் கூப்பிட்டார். ஏற்கெனவே ஒரு யஹ்யா இருக்காரே, இவனுக்குச் சின்ன யஹ்யான்னு குத்தட்டுமா, இல்ல பின்னாடி ரெண்டுன்னு ஒரு நம்பர் போடட்டுமான்னு. நல்ல மனுஷன், யோசிச்சுதான் கேட்டார். நான் என்ன சொன்னேன் தெரியுமா? என் பையன் பேர் முழுசு. அதுக்கு முன்னாடி வாலும் வேணாம், பின்னாடி நம்பரும் வேணாம். கைதிக்கா நம்பர் போடுறோம்னு கேட்டேன். நபி கதையெல்லாம் எடுத்து விட்டேன் அவர்கிட்ட, உலகத்துல யாருக்கும் வைக்காத பேராக்கும்னு. பக்கத்துல பெரியவர் நின்னு சிரிச்சார். அப்ப நான் யாருடான்னார். எல்லாரும் சிரிச்சோம்.

வீட்டுல, ஆலையில, வாயால கூப்பிடும்போது பெரியவர் பெரியவர்தான், இவன் சின்னவன்தான். பித்தளையில மட்டும் ரெண்டு பேரும் ஒண்ணு.

அவன் எப்படியா? எல்லாத்தையும் ரெண்டு தடவ பாக்குற பையன்மா. ராத்திரி கதவப் பூட்டினா திரும்ப வந்து இழுத்துப் பாப்பான். கேஸ் அடுப்பு திருகு, தண்ணிக் குழாய், எல்லாம் ரெண்டு தடவ. என் பொண்டாட்டி இருந்தப்போ சொல்லுவா, இவன் உங்க புத்தி, உங்க சட்டம் பேசுற புத்தி அப்படியே இருக்குன்னு. அவ போய் நாலு வருஷம் ஆச்சு. இதப் பாக்காமப் போனாளே, அந்த மட்டும் நிம்மதி.

அன்னைக்கு உள்ள இறங்க வேண்டிய முறை பெரியவரோடது. முழங்கால் வீங்கியிருந்துச்சு அவருக்கு. சின்னவன் மூட்டை ஏத்துற பக்கம்தான் வேலையில இருந்தான். வந்து, மாமா நீங்க போய் டீ குடிங்க, நான் இறங்குறேன்னு சொல்லியிருக்கான். அவரும் சரின்னு போய்ட்டார். என்கிட்ட ரெண்டு பேருமே சொல்லல. ஏன் சொல்லணும், அதுக்குத்தானே வில்லை.

நான் சுவிட்சப் போட்டேன்மா.

ஒரு சுத்துகூட முழுசா வரல. சத்தத்துலயே தெரிஞ்சிருச்சு எனக்கு. முப்பத்தோரு வருஷமா கேட்ட சத்தம், அதுல வேற ஏதோ இருந்துச்சு. உடனே கீழ இழுத்துட்டேன். பிரயோஜனம் இல்ல.

வேணாம்மா, தண்ணியெல்லாம் வேணாம். நீங்க உக்காருங்க. நான் அழுது முடிச்சாச்சு.

விசாரணைக்கு ஒரு அதிகாரி வந்தார். சின்ன வயசு, மரியாதையாத்தான் பேசினார். சுவிட்ச் கொக்கியப் பாத்தார், காலி. ஐயா, வில்லை மாட்டியிருந்துதான்னு கேட்டார். இல்லன்னேன். அந்த ஒரு வார்த்தைதான். அதுக்கு மேல அவர் என்னைக் கேக்கவும் இல்ல. பெத்த தகப்பன் நிக்கிறான், என்னத்தக் கேப்பாரு. ரிப்போர்ட் வந்துச்சு. தொழிலாளி வில்லை மாட்டாமல் உள்ளே இறங்கியதே காரணம், அவருடைய கவனக்குறைவுன்னு. இப்ப ஆலையில புதுசா சேர்ற பசங்களுக்கு அதப் படிச்சுக் காட்டுறாங்க. பேர் சொல்லிப் படிக்கிறாங்க. இப்படி இருக்காதீங்கடான்னு.

பெரியவர் வேலைய விட்டுட்டார். பையன உள்ள அனுப்பினது நான்தான்னு தன் தலையில போட்டுக்கிட்டார். எங்க தெருமுனையில வந்து நிப்பார், வீட்டுக்குள்ள வர மாட்டார். போன வாரம் மருந்துக்கடையில நிக்கும்போது பேர் சொல்லிக் கூப்பிட்டிருக்காங்க, மருந்து ரெடின்னு. மனுஷன் திரும்பவே இல்லையாம். நாலு தடவ கூப்பிட்டும் யாரையோ கூப்பிடுறாங்கன்னு நின்னுட்டு இருந்தாராம். அறுபத்தோரு வருஷமா சுமந்த பேர் இப்ப அவருக்குக் காதுல ஏறல.

நான் பேசுறதில்லம்மா. இப்படி உங்ககிட்ட கொட்டுறேனே, வீட்டுல அஞ்சு மாசத்துல பத்து வார்த்தை பேசியிருந்தா அதிகம். உடம்புக்கு ஒண்ணும் இல்ல, சாப்பிடுறேன், தூங்குறேன், வாய் வரல. மருமகதான் பேசுவா. சோறு போட்டுட்டு, மாமா உங்க மேல எந்தத் தப்பும் இல்ல, நீங்க உங்கள வருத்திக்காதீங்கன்னு எனக்கு ஆறுதல் சொல்வா. தாலி அறுத்தவ, வயித்துல பிள்ளைய வச்சுக்கிட்டு, எனக்குச் சொல்றா. எனக்கு அந்தச் சோறு எப்படி இறங்கும்னு நினைக்கிறீங்க?

ரிப்போர்ட்ட மட்டும் அவ ஒத்துக்கல. படிச்சதும் மடிச்சு வச்சுட்டா. அடுப்ப ரெண்டு தடவ பாக்குறவர் வில்லைய மறந்திருக்க மாட்டார் மாமான்னு சொன்னா. சண்டை போடல, அழல, யார் மேலயும் பழி போடல. சும்மா சொன்னா, பருப்பு அரிச்சுக்கிட்டே. நான் எழுந்து வெளியில போய்ட்டேன். பேர் வைக்கிற பேச்சு வந்தப்போ, அவர் பேரையே வைக்கணும், அவரப் பத்தி எழுதின ஒரு காகிதத்துல அந்தப் பேர் அசிங்கமாக் கிடக்கு, இன்னொரு காகிதத்துலயாவது சுத்தமா இருக்கட்டும்னு சொல்லிட்டா.

அதுக்கப்புறம் நான் எப்படிம்மா வேணாம்னு சொல்றது? என்ன காரணம் சொல்லுவேன்? இந்தப் பிள்ளைய நாள் பூரா அந்தப் பேர் சொல்லிக் கூப்பிடணும், எழுப்பணும், ஊட்டணும், தெருவுல இருந்து உள்ள வாடான்னு கத்தணும். என்னால ஆகாதுன்னுதான் அந்தக் கட்டத்தக் காலியா விட்டேன். எல்லாருக்கும் அது புரியும். பெத்த கையாலயே சுவிட்சப் போட்டவன், பாவம், அந்தப் பேரச் சொல்ல நாக்கு வராதுன்னு. நீங்களும் இப்ப அப்படித்தானே என்னைப் பாக்குறீங்க.

மணி என்ன? பத்து நிமிஷம்தான் இருக்கா. சரி.

எழுதுங்கம்மா. அவ சொன்ன பேரையே எழுதுங்க. தாத்தாவுக்கு என்ன உரிமை இருக்கு. சீட்ட விடுங்க, அது என் கை வேர்வையில ஊறிப் போச்சு, எழுத்தெல்லாம் கலைஞ்சிருக்கு. இதப் பாத்து எழுதுங்க, இதுல தெளிவா இருக்கும். இந்தாங்க.

ஆமா, பித்தளை. பாத்துத் தொடுங்க, ஓரம் குத்தும். பெரியவரோடது இருபது முப்பது வருஷம் ஆனது, சோப்புத் துண்டு மாதிரி வழவழன்னு தேஞ்சிருக்கும். இது ரெண்டு வருஷம்தான். கழட்டும்போதே என் விரல்ல குத்துச்சு. குத்தினது கைக்குத் தெரிஞ்சுச்சு, மண்டைக்கு ஏறல.

இருக்க வேண்டிய இடத்துலதான்மா இருந்துச்சு. சுவிட்சுல. அவன் மாட்டிட்டுத்தான் இறங்கினான். நான் பேரப் படிச்சேன், ஜன்னல்ல எட்டிப் பாத்தேன், பெரியவர் மரத்தடியில கிளாஸும் கையுமா உக்காந்திருந்தார். இந்த ஆளுக்கு இதே பொழப்பாப் போச்சுன்னு கழட்டி சட்டைப் பையில போட்டுக்கிட்டேன். அஞ்சு மாசமா அங்கயேதான் இருக்கு.

ஏம்மா பேனாவ வச்சுட்டீங்க? எழுதுங்க. தகப்பன் பேர், பிள்ளை பேர், ரெண்டுலயும் அதையே எழுதுங்க. எழுதி முடிச்சதும் சன்னல் வழியா பேர் சொல்லித்தானே கூப்பிடுவீங்க? சத்தமாவே கூப்பிடுங்க, அவ பிள்ளையத் தூக்கிட்டு வருவா. பேப்பர அவ கையில குடுங்க. கூடவே அந்த வில்லையையும் குடுத்துருங்க. அவ அதத் திருப்பிப் பாப்பா, இது எங்க கிடைச்சுதுன்னு உங்களக் கேப்பா. நீங்க ஒண்ணும் சொல்ல வேணாம். என்னைக் கை காட்டுங்க, போதும். நான் இங்கயேதான் நிக்கிறேன்.